ஏவுகணை நோட்டும் சாத்தான்குளம் மாப்பிள்ளையும்

9-7-73, திங்கள்

காற்று, காற்று, ஒரே காற்று. உப்பளப் பக்கத்து மண்ணையெல்லாம் வாரிக்கொண்டுவந்து ஆபீஸ் ஜன்னலில் கொட்டுகிறது. கப்பல் ஏஜெண்ட் ஆபீஸில் கடலைவிட மணல்தான் அதிகம். டைப்ரைட்டருக்குள் மணல். இரண்டு விசை எழும்பவே இல்லை. மானேஜர் தன் மேஜைக் காகிதங்களைக் கையாலும் முழங்கையாலும் அமுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். சிரிப்பை அடக்கப் பெரும்பாடு.

பதினொரு மணிக்கு எங்கள் போர்டிங் கிளார்க் மச்சாது அண்ணாச்சி. கப்பல் வந்து நங்கூரம் போட்டதும் லாஞ்சுப் படகில் போய் முதல் ஆளாக ஏறிக் காகிதம் வாங்கிவருவது இவர் வேலை. கப்பல்காரர்கள் படித்துவிட்டுப் போட்ட பத்திரிகைகளும் கூடவே வரும். மற்றவர்களுக்குச் சினிமாப் படம். எனக்கு விமானம்.

"ஏ புள்ள ஹெப்சி, இந்தா உன் சாமான். நார்வேக்காரன் மெஸ்ஸுல கெடந்துச்சு. எட்டு வச்சிருக்கான் பாரு, எட்டு!"

ஃபாண்டம்! நடுப்பக்கம் முழுக்க. ஓடுதளத்தில் விமானம், முன்னால் தரையில் அது சுமக்கும் ஏவுகணைகள் எல்லாம் பந்தியில் இலை போட்ட மாதிரி வரிசையாக. நாலு ஸ்பாரோ, நாலு சைட்விண்டர். காகிதக் கட்டுக்குள் செருகி வைத்து ஐந்து நிமிஷத்துக்கு ஒரு தடவை எடுத்துப் பார்த்தேன்.

சாப்பாட்டு நேரத்தில் வழக்கமான சண்டை. அவருக்கு அமெரிக்க ஃபாண்டம், எனக்கு நம் நாட்டு மிக்.

"எட்டு வச்சிருக்கவன் ஜெயிப்பானா, ரெண்டு வச்சிருக்கவன் ஜெயிப்பானா? உன் மிக்குல ரெண்டுதான?"

"எட்டும் குறி தப்பினா? மொதல்ல வந்த ஃபாண்டத்துல பீரங்கியே கெடையாது அண்ணாச்சி. எதிரி கிட்ட வந்துட்டா கையப் பெசஞ்சிட்டு நிக்க வேண்டியதுதான். பொறவு புத்தி வந்து வச்சான்."

"உன் மிக்குல மட்டும் இருக்கோ?"

"வயித்துக்கு அடியில தொங்குது. எழுபத்தொண்ணுச் சண்டையில பாகிஸ்தான்காரன் ஸ்டார்ஃபைட்டர அதாலதான அடிச்சாவ!"

"பொம்பளப் புள்ளைக்கு இந்தப் பேச்சு" என்று தலையில் அடித்துக்கொண்டார். ஆனாலும் அடுத்த கப்பலுக்குப் போகும்போது பத்திரிகை தேடாமல் வரமாட்டார். நல்ல மனுஷன்.

அண்ணன் வீட்டுக்கு வந்தால் நாசரேத்திலிருந்து அப்பா கடிதம். மைனி சத்தமாக வாசித்தாள். சனிக்கிழமை பெண் பார்க்க வருகிறார்களாம். சாத்தான்குளம். தாய் ஓய்வுபெற்ற டீச்சர். பையன் பெயர் சாமுவேல், விமானப் படையில் கார்ப்பரல், வடக்கே எங்கோ இருக்கிறான், இம்மாதக் கடைசி வரை லீவு. அதுவரை நான் வாழைக்காய் சீவிக்கொண்டிருந்தேன். அடுத்த வரி: 'விமானத்தில் ஆயுதம் பூட்டுகிற வேலையாம்.'

கத்தியைக் கீழே போட்டேன். "எந்த விமானம்? மைனி, எந்த விமானம்னு போட்டிருக்கா?"

மைனி அண்ணனைக் கூப்பிட்டாள். "இங்க வந்து பாருங்க உங்க தங்கச்சிய! மாப்பிள்ள உசரம் கேக்கல, நெறம் கேக்கல, எந்த ப்ளேன்னு கேக்கா. கோட்டி!"


10-7-73, செவ்வாய்

மைனிக்குத் தலைவலி. நான் சமையல். ரசம் கரித்தது.

நோட்டில் ஃபாண்டம் பக்கம் புதிதாக எழுதினேன். எட்டு வருஷ நோட்டு. அறுபத்தைந்து சண்டையின்போது ஒன்பதாம் வகுப்பில் ஆரம்பித்தது, இரண்டு தடவை பைண்டிங் மாற்றியாயிற்று. இன்றைய நிலவரம்:

நாட் — ஏவுகணை இல்லை, பீரங்கி இரண்டு. குட்டி. எதிரி கண்ணுக்குச் சிக்காது, அதுதான் பலம்.

மிக்-21 — கே-13 இரண்டு. சூட்டைப் பார்த்துப் போகும். எதிரியின் பின்னாலிருந்துதான் விட வேண்டும்.

ஸ்டார்ஃபைட்டர் — சைட்விண்டர் இரண்டு. இதைப் பார்த்துத்தான் கே-13 செய்தார்கள் என்று பத்திரிகைகள் எல்லாம் அடித்துச் சொல்கின்றன. விமானம் நேரே ஓடினால் பிடிக்க ஆளில்லை, திரும்பச் சொன்னால் ஊரைச் சுற்றும்.

மிராஜ் — மாத்ரா. கே-13ஐப்போல இரண்டரை மடங்கு கனம். ரேடார் குறி காட்டும். தூரம் அதிகம் என்கிறார்கள், பார்க்கலாம்.

ஃபாண்டம் — எட்டு. ஆள் இரண்டு. புகையோ புகை, தூரத்திலேயே காட்டிக்கொடுத்துவிடும்.

தூரக் கணக்குதான் உயிரை வாங்குகிறது. ஒரு பத்திரிகை இரண்டு மைல் என்கிறது, இன்னொன்று நாலு என்கிறது. யாரை நம்ப? சனிக்கிழமை வருகிறவரைத்தான் கேட்க வேண்டும்! கேள்விகள் எழுதி வைத்தேன். கே-13 குறி பிடித்ததும் விமானி காதில் உறுமல் கேட்குமாமே, உண்மையா. வெயிலைப் பார்த்து ஓடிவிடுமா. எத்தனை பேர் தூக்கிப் பூட்டுவீர்கள். மழையில் என்ன செய்வீர்கள். மொத்தம் பதினேழு.

மைனி பார்த்துவிட்டாள். "இதுல ஒண்ணாவது 'உங்களுக்கு என்ன கொழம்பு புடிக்கும்'னு இருக்கா?"

பதினெட்டு: என்ன குழம்பு பிடிக்கும்.


11-7-73, புதன்

இன்றைக்கு ஆபீஸில் அமர்க்களம்! எழுதியே ஆக வேண்டும்.

உப்பு ஏற்றிய கப்பல் காலையில் கிளம்பியது. கிளம்பின பிறகுதான் தெரிந்தது, காப்டன் கொண்டுபோக வேண்டிய காகிதக் கட்டு மானேஜர் மேஜையிலேயே இருக்கிறது. காற்றுக்குப் பயந்து அதன்மேல் தண்ணீர்க் கூஜாவை வைத்து அமுக்கியிருந்தார். கத்து, ஓட்டம். மச்சாது அண்ணாச்சி கட்டை எடுத்துக்கொண்டு லாஞ்சில் துரத்தினார். நாங்கள் எல்லோரும் ஜன்னலில்.

திரும்பி வந்து மூச்சு வாங்க உட்கார்ந்தார். "ஒரு மைலுதான் முன்னால போனான். புடிச்சிரலாம்னு பாத்தா, போறேன் போறேன், அங்கனயே நிக்கான்! இருவது நிமிசம் ஆச்சு. டீசல் தீந்துருமோன்னு மாதாவ வேண்டிட்டே போனேன். இதே கப்பல் உள்ள வரும்போது ஒரு மைலுல இருந்தா நாலு நிமிசத்துல ஏணியப் புடிச்சிருவேன்."

இருபது நிமிஷம், நாலு நிமிஷம். கணக்குப் போட்டேன். லாஞ்ச் மணிக்கு ஒன்பது மைல், கப்பல் ஆறு மைல். ஓடுகிற கப்பலை மூன்று மைல் வேகத்தில்தான் நெருங்குகிறார். எதிரே வருகிற கப்பலைப் பதினைந்தில். சரியாக இருபதும் நாலும்!

ஆத்தாடி! ஏவுகணையும் இதேதானே! ஓடுகிறவனைப் பின்னாலிருந்து துரத்தினால் பத்திரிகையில் போட்டிருக்கிற தூரத்தில் பாதி பிடிப்பதற்குள் மருந்து எரிந்து தீர்ந்துவிடும். எதிரே வருகிறவன்மேல் விட்டால் அதே ஏவுகணைக்கு அதிக தூரம். இரண்டு பத்திரிகையும் பொய் சொல்லவில்லை. ஒருவன் துரத்துகிற தூரத்தைப் போட்டிருப்பான், இன்னொருவன் சந்திக்கிற தூரத்தை. எட்டு வருஷம் இது எனக்கு உறைக்கவில்லையே, மடச்சி!

அப்படியானால் பின்னாலிருந்து மட்டும் விடக்கூடிய கே-13க்கும் சைட்விண்டருக்கும் போட்டிருக்கிற தூரம் பாதி ஏமாற்று. மாத்ராவும் ஸ்பாரோவும் எதிரே விடலாம், அவை பெரிய ஆள்தான். மச்சாது அண்ணாச்சியிடம் சொன்னால் 'அப்ப ஃபாண்டம்தான்' என்று குதிப்பார். சொல்லவில்லை.


13-7-73, வெள்ளி

புதுச் சேலை, இளம் பச்சை. அப்பாவும் அம்மாவும் நாசரேத்திலிருந்து வந்துவிட்டார்கள். மக்ரூன் வாங்கி டப்பாவில். முந்திரிக்கொத்து அம்மா கொண்டுவந்தது.

மைனியின் புத்திமதி வருமாறு. குனிந்து காபி கொடு. கேட்டதற்கு மட்டும் பதில் சொல். சிரித்தால் பல் தெரியாமல் சிரி. "ஏவுகணன்னு ஒரு வார்த்த வாயில வந்துச்சு, பல்லத் தட்டிருவேன், ஏளா."

சரி என்றேன். மனசில் பதினெட்டும் வரிசையாக நிற்கிறது.


14-7-73, சனி

எங்கிருந்து எழுதுவது?

நாலு மணிக்கு வந்தார்கள். டீச்சரம்மா, ஒரு மாமா, அவர். மாமாவுக்கு மக்ரூன்தான் எல்லாம். முதலில் ஜெபம், பிறகு காபி. டீச்சரம்மா என்னை மேலும் கீழும் பார்த்து, பைபிளிலிருந்து ஒரு சங்கீதம் சொல்லச் சொன்னார்கள். சொன்னேன். திருப்தி.

அவர். ஒல்லி. கறுப்பு. கை மட்டும் பெரிதாக, நகத்தோரம் கழுவியும் போகாத கறை. மீசை சுமார்.

பிறகு எங்கள் பக்கத்து வழக்கப்படி, 'ரெண்டு பேரும் பத்து நிமிஷம் பேசட்டும்.' பின்கட்டில் இரண்டு நாற்காலி. கதவு திறந்தே இருக்கும், உள்ளே மைனி இருமிக்கொண்டே இருப்பாள்.

நான் மூன்று நிமிஷம் அடக்கிப் பார்த்தேன். ஆண்டவர் சாட்சி.

"நீங்க பூட்டுறது கே-13ஆ?"

அவர் திடுக்கிட்டார். "தெரியாதுங்க."

"அது குறி புடிச்சா காதுல உறுமுமா?"

"தெரியாதுங்க."

"எத்தனை பேரு தூக்குவிய?"

"தெரியாதுங்க."

எனக்குக் கோபம் வந்துவிட்டது. ஆயுதம் பூட்டுகிறவனுக்கு எத்தனை பேர் தூக்குவார்கள் என்று தெரியாதா? இவன் அங்கே தோட்டத்துக்குத் தண்ணீர் ஊற்றுகிறானா? பதினெட்டாவது கேள்விக்கு மட்டும் பட்டென்று பதில்: "சாளைக் கொழம்பு."

பொறுக்கவில்லை. தையல் மிஷின் டிராயரிலிருந்து நோட்டை எடுத்து அவர் மடியில் வைத்தேன். பக்கம் பக்கமாகப் புரட்டினார். முகம் மாறிக்கொண்டே வந்தது. துரத்தல் கணக்கு எழுதின பக்கத்தில் நின்றார். என் பென்சிலை வாங்கினார்.

"இது தப்பு."

"எது தப்பு?"

"நிக்குற எடத்துலருந்து விட்ட மாதிரி போட்டிருக்கிய. ஓடுற லாஞ்சுலருந்து கல் எறிஞ்சா, கல்லுக்கு லாஞ்சு வேகமும் சேருமில்லா?"

ஒரே ஒரு கூட்டல் குறி போட்டார். கணக்கு அப்படியே கண் முன்னால் சரியாகி நின்றது. நான் அவரைப் பார்த்தேன். அவர் சிரித்தார். பல் தெரியச் சிரித்தார். அந்த நிமிஷம் முடிவு பண்ணிவிட்டேன், இவர்தான். மீசையாவது ஒன்றாவது!

அதோடு நிறுத்தியிருக்கலாம். அடுத்த பக்கத்தில் ஒரு வரி: மேகத்தின் ஓரத்தில் வெயில் பட்டுப் பளிச்சென்றிருந்தால் கே-13 எதிரியை விட்டு அதைத் துரத்தும். அதில் விரலை வைத்தார். "இது எந்தப் பொஸ்தகத்துல?"

"பொஸ்தகம் இல்ல. உரம் கொண்டுவந்த போலந்துக் கப்பல்ல ஒரு ரேடியோ ஆபீசர். அந்த ஊரு விமானப் படையில இருந்தவனாம். எங்க ஆபீஸ் அண்ணாச்சிட்ட சொன்னான், அண்ணாச்சி எங்கிட்ட சொன்னாவ."

"மத்ததெல்லாம்?"

"அதுவும் கப்பல்ல இருந்துதான். ரஷ்யா, நார்வே, ஒரு தடவ அமெரிக்கா."

நோட்டை மூடி என் கையில் வைத்துவிட்டு எழுந்து போனார். முந்திரிக்கொத்து தொடவில்லை. கிளம்பும்போது டீச்சரம்மா அம்மாவின் கையைப் பிடித்துச் சொன்னது: "ஜெபம் பண்ணி எழுதுதோம்."

எங்கள் ஊரில் 'சரி' என்றால் அங்கேயே சரி என்பார்கள். ஜெபம் பண்ணி எழுதுகிறோம் என்றால் வேறு இடம் பார்த்துக்கொள் என்று அர்த்தம்.


15-7-73, ஞாயிறு

கோவில். பிரசங்கம் காதில் ஏறவில்லை.

அண்ணன்: "அந்த நோட்ட அடுப்புல போடு." மைனி: "நான் படிச்சுப் படிச்சுச் சொன்னேன்லா, மூதி." அம்மா அழுகை. அப்பா மட்டும் நோட்டை வாங்கி ஒரு மணி நேரம் வாசித்துவிட்டு, "கையெழுத்து நல்லாருக்கு" என்றார்.

எனக்கு அழுகை வரவில்லை. ஆத்திரம்தான். சாயங்காலம் கொஞ்சம் வந்தது.


18-7-73, புதன்

கடிதம் வந்தது. டீச்சரம்மா கையெழுத்து, ஒரு பிழை இல்லை. பெண் நல்ல பெண். ஆனால் பையன் கல்யாணம் பண்ணப் பெரிய ஆபீசரிடம் எழுத்தில் அனுமதி வாங்க வேண்டும். வெளிநாட்டாரோடு பழக்கம் உண்டா என்று கேட்பார்கள். கப்பல்காரர்களிடம் ஆயுத விவரம் வாங்கி எழுதி வைத்திருக்கிற பெண் என்று தெரிந்தால் பையன் வேலைக்கே ஆபத்து. 'தவறாக நினைக்க வேண்டாம்.'

அடியில் இன்னொரு வரி. 'மறைத்துவிடலாம் என்று நான் சொன்னேன். அவன் பொய் எழுத மாட்டேன் என்கிறான்.'

இதை ஏழு தடவை வாசித்தேன். 'தெரியாதுங்க' என்று சொன்னதன் அர்த்தம் இப்போதுதான் விளங்கியது. அத்தனையும் தெரிந்தவர்! தெரிந்தும் பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்திருக்கிறார், நான் என்னவென்றால் தோட்டக்காரன் என்று நினைத்தேன்.

பொய்யும் எழுத மாட்டார், உண்மையும் எழுத முடியாது. என்னால்தான். எனக்கு அவர் வேண்டும். வெட்கத்தைவிட்டு எழுதுகிறேன், வேண்டும்.


19-7-73, வியாழன்

மத்தியானம் கஸ்டம்ஸ்காரர் ஒருவர் ஆபீஸில் சத்தம். ஒரு கப்பலில் பட்டியலில் இல்லாத இரண்டு பெட்டி. மானேஜர் குழைந்தார். "சார், சாதாரண ஸ்பேர் பார்ட்சு."

"என்ன சாமானுங்கது எனக்கு ரெண்டாவது. மேனிஃபெஸ்ட்ல இருந்தா சரக்கு, இல்லன்னா கடத்தல். அவ்வளவுதான்."

டைப் அடித்துக்கொண்டிருந்த விரல் அப்படியே நின்றது.

மேனிஃபெஸ்ட்! தினம் நான் அடிப்பது. என்ன சரக்கு, எத்தனை, எந்தத் துறைமுகத்தில் ஏற்றியது, யார் அனுப்பியது. அதைக் கொடுத்துவிட்டால் கப்பலில் எது இருந்தாலும் யாரும் பயப்பட வேண்டியதில்லை. என் நோட்டுக்கு மேனிஃபெஸ்ட் இல்லை, அதுதான் கோளாறு. போட்டுவிட்டால் போச்சு!

மானேஜரிடம் ஆபீஸ் முடிந்தபின் ஒரு மணி நேரம் மிஷின் கேட்டேன். கஸ்டம்ஸ் போன நிம்மதியில் தலையை ஆட்டினார்.


20-7-73, வெள்ளி

நோட்டில் இருப்பது மொத்தம் நூற்று நாற்பத்தொரு எண். ஒவ்வொன்றுக்கும் வரிசை எண், விவரம், எந்தப் பத்திரிகை, எந்த மாதம், எந்தப் பக்கம், எந்தக் கப்பலில் வந்தது. பழைய பத்திரிகையெல்லாம் கட்டிலுக்கு அடியிலிருந்து இழுத்துப் போட்டு மைனி தேடிக் கொடுக்க நான் குறித்துக்கொண்டேன். (அவளுக்கு மிராஜ் பிடித்துவிட்டது. "இதுதான் பாக்க லெச்சணமா இருக்கு.") எல்லாம் லண்டனிலும் பாரிஸிலும் கடையில் விற்கிற பத்திரிகைகள். நூற்று நாற்பதுக்கு ஆதாரம் கிடைத்தது.

கிடைக்காதது ஒன்று. நெ. 112, மேக ஓரம்.

அண்ணன் வந்து பார்த்தான். "இத எடுத்துரு. பக்கத்தக் கிழி. நூத்து நாப்பதும் சுத்தம்."

"அவரு பாத்துட்டாரே."

"பாத்தா என்ன? அவரு ஆபீசரு பாக்கலல்லா?"

"நான் எடுத்தா அவரு மறைக்கணும். அவருதான் மறைக்க மாட்டேங்காரே."

"அப்ப நீ கெட்டு அழியப் போற."

அண்ணன் சொன்னதில் நியாயம் இருக்கிறது. கிழிக்க அந்தப் பக்கத்தைப் பிடித்தும் பார்த்தேன்.

கிழிக்கவில்லை. பட்டியலில் இல்லாத சரக்கு அகப்பட்டால் நாங்கள் கடைசியில் தனியாக ஒரு வரி அடிப்போம். அதே மாதிரி அடித்தேன்: 'நெ. 112. ஆதாரம் இல்லை. வாய்ச் சொல். சொன்னவர் போலந்துக் கப்பல் ரேடியோ ஆபீசர். கேட்டவர் எங்கள் போர்டிங் கிளார்க். எழுதியவர் நான்.' மச்சாது அண்ணாச்சியிடம் கேட்டுக்கொண்டுதான் அடித்தேன். "போடு புள்ள. நான் ஒண்ணும் கஞ்சா கடத்தலயே" என்றார்.

ஐந்து பிரதி. கார்பன் கறை கையெல்லாம்.


21-7-73, சனி

நோட்டு, மூன்று பிரதி, ரிஜிஸ்தர் தபால், சாத்தான்குளம். கடிதம் இரண்டே வரி. 'நான் வைத்திருப்பது முழுவதும் இதுதான். உங்கள் ஆபீசரிடம் காட்டலாம்.'

தபாலாபீஸ் கிளார்க் முத்திரை குத்தும்போது என் மண்டையில் குத்தின மாதிரி இருந்தது. எட்டு வருஷம் ஒரு உறைக்குள்! விலாசம் எழுதின பக்கம் மேலே இருக்கிறதா என்று இரண்டு தடவை கேட்டு அவரிடம் ஏச்சு வாங்கினேன்.


24, 25, 26

ஒன்றும் இல்லை. காற்று. தபால்காரர் தெருவைத் திரும்பும்போதே தலையை ஆட்டிவிடுகிறார். மைனி: "சாப்பிடு ஏளா, நீ பட்டினி கெடந்தா தபால் சீக்கிரம் வருமா?"


28-7-73, சனி

வந்தார்! தபால் இல்லை, ஆளே!

பன்னிரண்டு மணி, ஆபீஸ் வாசலில் பெட்டியோடு. சாயங்கால ரயிலில் திரும்பிப் போகிறாராம். மானேஜர் என்னைப் பார்த்தார், அவரைப் பார்த்தார், "ஹெப்சிபா, சாப்பாட்டுக்குப் போயிட்டு வாம்மா" என்றார். மணி பன்னிரண்டுதான். கடற்கரைச் சாலையில் நடந்தோம். மச்சாது அண்ணாச்சி இருபது அடி பின்னால், காவலாம்.

அவர்தான் பேசினார். "நெ. 112. அத எடுத்திருப்பியன்னு நெனச்சேன்."

"எங்க அண்ணனும் எடுக்கத்தான் சொன்னான்."

"எடுத்திருந்தா இங்கன வந்திருக்க மாட்டேன். அம்மா எழுதுன மாதிரியே விட்டிருப்பேன்." கொஞ்ச தூரம் நடந்து, "நோட்டும் பட்டியலும் கொண்டுபோயி ஆபீசர் மேசையில வைக்கப் போறேன். கல்யாணத்துக்கும் சேத்து மனு. என்ன ஆகும்னு எனக்குத் தெரியாது. இது நெசமாவே தெரியாது."

சிரித்துவிட்டேன். அவரும்.

அந்தத் தைரியத்தில் கேட்டேன். "ரகசியம் ஒண்ணும் வேண்டாம். எது நல்ல விமானம்? மிக்கா, மிராஜா? அத மட்டும் சொல்லுங்க."

தோணிகளிலிருந்து கோதுமை மூட்டை இறக்கிக்கொண்டிருந்தார்கள். அதைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "நான் பூட்டி அனுப்புன ஏவுகண, பூட்டுனபடியே திரும்பி வந்து எறங்கணும். அத நான் கழத்தித் தொடச்சு வைக்கணும். அந்தமாதிரி நாளுல எது வந்தாலும் நல்ல விமானம்தான். சண்டையில ஒருநாள் நான் பூட்டுன ஒண்ணு வரவே இல்ல. விமானமும் வரல, அந்த ஆபீசரும் வரல. கிளம்பும்போது என்கிட்ட தீப்பெட்டி கேட்டாரு."

எட்டு வருஷத்தில் வேகம் எழுதினேன், கனம் எழுதினேன், தூரம் எழுதினேன். இவரைப்போல ஓடுதளத்தில் நின்று வானத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிற ஒருவர் உண்டு என்று ஒரு பக்கத்திலும் இல்லை. "அனுமதி கெடைக்கலன்னா?" என்று கேட்டேன்.

"திரும்பவும் மனு போடுவேன்."

"திரும்பவும் இல்லன்னா?"

"எனக்கு இன்னும் பதினோரு வருஷம் சர்வீஸ் இருக்கு. போட்டுக்கிட்டே இருப்பேன்."

மச்சாது அண்ணாச்சி பின்னாலிருந்து உரக்க இருமினார். ஒரு மணி ஆகிவிட்டதாம்.


5-8-73, ஞாயிறு

மாதா கோவில் திருவிழா. ஊர் முழுக்கக் கூட்டம். மச்சாது அண்ணாச்சி வீட்டில் சாப்பாடு. "உனக்கும் சேத்து ஒரு மெழுகுவத்தி கொளுத்தியிருக்கேன். உங்க சபையில மாதாவ வேண்ட மாட்டிய, தெரியும். என் கணக்குல இருக்கட்டும்."

நோட்டு இல்லாமல் கை பரபரக்கிறது. ஒரு ஸ்வீடன் கப்பல் பத்திரிகையில் புது விமானம் வந்திருக்கிறது, எழுத இடமில்லை. பழைய காலண்டர் பின்பக்கம் எழுதினேன்.


25-8-73, சனி

மூன்று மணிக்குத் தபால். அவர் கையெழுத்து. மைனி பறித்தாள், நான் பறித்தேன், உறை கிழிந்தது.

அனுமதி கிடைத்துவிட்டது!!!

ஆபீசர் நோட்டை இரண்டு வாரம் வைத்திருந்தாராம். ஒருநாள் கூப்பிட்டு, 'மற்ற நூற்று நாற்பதைப் பற்றி எனக்குக் கவலையில்லை, 112ஐ இந்தப் பெண் தானாக எழுதிக் கொடுத்தாளா?' என்று கேட்டாராம். ஆமாம் என்றாராம் இவர். கையெழுத்துப் போட்டுவிட்டாராம். அக்டோபரில் லீவு. நாசரேத்துக் கோவிலில் மூன்று ஞாயிறு கல்யாண ஓலை வாசிக்கப் பாதிரி ஐயரிடம் சொல்லச் சொல்லி எழுதியிருக்கிறார். மைனி என்னைத் தூக்கிச் சுற்றினாள். அண்ணன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தான். நான் அழுதேன், சிரித்தேன், இரண்டும் ஒரே சமயத்தில்.

பிறகுதான் இரண்டாவது பக்கம்.

'நோட்டு திரும்பக் கிடைக்காது. ஆபீசர் பீரோவில் வைத்துப் பூட்டிவிட்டார். எனக்கும் வருத்தம்தான். கடைசியாக அவர் சொன்னதைச் சொல்லிவிடுகிறேன். பிரமாதமான ஒப்பீடு, ஆனால் மூன்று எண்கள் தப்பு என்றார்.'

எந்த மூன்று?

திருப்பிப் பார்த்தேன். உறைக்குள் பார்த்தேன். எழுதவில்லை! மாத்ரா கனமா? ஸ்பாரோ தூரமா? கே-13 என்றால் எது? மைனி சேலை நிறம் கேட்கிறாள், அம்மாவுக்குத் தந்தி கொடுக்க வேண்டும் என்கிறாள். எனக்கு ஒன்றும் ஏறவில்லை. மூன்று தப்பாம், நூற்று நாற்பத்தொன்றில்! கடிதம் எழுதின மனுஷருக்கு எது என்று கட்டாயம் தெரியும். கேட்டால் என்ன சொல்வார் என்று எனக்கும் தெரியும்.

கல்யாணத்துக்குச் சம்மதம் சொல்லி நான் அவருக்கு எழுதுகிற முதல் கடிதம். மைனி பக்கத்தில் நின்று 'அன்புள்ள' என்று ஆரம்பிக்கச் சொன்னாள். ஆரம்பித்தேன். அன்புள்ள அவர்களுக்கு, எந்த மூன்று?